மவுண்டன் பைக்கிலிருந்து மஞ்சள் ஜெர்சி வரை: காடெல் எவன்ஸ் பற்றிய கேள்விக்கு ஒரு பதில்

வணக்கம். உங்கள் கேள்வியை இரண்டு தடவை படித்தேன். தங்கை மகனுக்குப் பதினைந்து வயது, மெல்பர்னில் மூன்று வருடமாக மவுண்டன் பைக் பந்தயம் ஓட்டுகிறான், மவுண்டன் பைக்கிலிருந்து ரோடுக்கு வந்து 2011-ல் டூர் டி பிரான்ஸ் என்ற மூன்று வார ரோடு பந்தயத்தை வென்ற காடெல் எவன்ஸ் மாதிரி தானும் ஒரு நாள் அதை ஓட்டுவேன் என்கிறான், அதனால் மண் பாதையை இப்போதே விட்டுவிட்டு ரோடு பைக்குக்கு மாற்றிவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். பார்த்தால் எந்த சைக்கிள் வாங்குவது என்ற கேள்வி மாதிரி இருக்கிறது. ஆனால் நீங்கள் உண்மையில் தெரிந்துகொள்ள விரும்புவது வேறு என்று எனக்குப் படுகிறது: மவுண்டன் பைக்கில் போன வருடங்கள் எவன்ஸுக்கு உதவினவா, இல்லை அவை வீண்போனதையும் மீறி அவர் வென்றாரா? இதற்குப் பதில் கிடைத்தால் சைக்கிள் விஷயம் தானாகத் தெளிந்துவிடும்.

நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். விக்டோரியாவில் பன்னிரண்டு வருடமாக ஜூனியர் பிள்ளைகளுக்கு மண் பாதை, ரோடு இரண்டிலும் பயிற்சி கொடுத்து வருகிறேன். தொழில்முறை அணியில் ஓட்டியதில்லை, எவன்ஸோடு பழகியதும் இல்லை. கீழே வரும் பந்தய முடிவுகளும் நேரக் கணக்குகளும் பதிவில் இருப்பவை, அவற்றை நீங்கள் நம்பலாம். அவை ஏன் அப்படி அமைந்தன என்று நான் சொல்லும் இடங்கள் என் கணிப்பு. எது எது என்று அங்கங்கே குறிப்பிட்டுக்கொண்டே போகிறேன்.

எவன்ஸ் 1977-ல் ஆஸ்திரேலியாவின் வடக்குப் பிரதேசத்தில் கேத்தரின் என்ற ஊரில் பிறந்தவர். சின்ன வயதில் பருங்கா என்ற பழங்குடி மக்கள் குடியிருப்பில் வளர்ந்தார். ஏழெட்டு வயதில் குதிரை தலையில் உதைத்து நாள்கணக்கில் நினைவில்லாமல் கிடந்தவர். பிறகு குடும்பம் தெற்கே வந்து, பையன் வளர்ந்தது மெல்பர்னுக்கு வெளியே ஆர்தர்ஸ் கிரீக் பக்கம். அந்தப் பக்கம் நீங்கள் போயிருந்தால் தெரியும், சரளைச் சாலையும் மேடும் பள்ளமும்தான். அங்கே வளர்ந்த பிள்ளைக்கு மவுண்டன் பைக் பிடித்துப்போனதில் ஆச்சரியம் ஒன்றுமில்லை. 1998, 1999 இரண்டு வருடமும் கிராஸ் கன்ட்ரி எனும் மவுண்டன் பைக் பந்தயத்தின் உலகக் கோப்பைத் தொடரை ஒட்டுமொத்தமாக வென்றார். அதாவது ரோடுக்கு வருவதற்கு முன்பே தன் துறையில் உச்சிக்குப் போய்விட்டவர் அவர். இதை நிறையப் பேர் மறந்துவிடுகிறார்கள். மவுண்டன் பைக்கில் சரிப்படாமல் ரோடுக்கு ஓடி வந்தவர் இல்லை.

2000 சிட்னி ஒலிம்பிக்கில் சொந்த நாட்டில் அவருக்கு ஏழாவது இடம்தான் கிடைத்தது. தங்கம் வாங்கியவர் பிரான்ஸின் மிகேல் மார்டினெஸ். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறேன். மறுவருடம், 2001-ல், எவன்ஸ் முழுநேரமாக ரோடுக்கு மாறினார். 2002-ல் இத்தாலியின் மாபெய் அணி. அந்த அணியின் பயிற்சி மையத்தில் இருந்த ஆல்டோ சாஸ்ஸி என்ற பயிற்சியாளர் இவரைப் பரிசோதித்துவிட்டு, மூன்று வாரப் பந்தயத்தை வெல்லக்கூடிய உடல் இது என்று நம்பினார். அந்த வருடமே ஜிரோ டி இத்தாலியாவில், தன் முதல் மூன்று வாரப் பந்தயத்தில், எவன்ஸ் இளஞ்சிவப்பு ஜெர்சி அணிந்தார். முன்னணியில் இருப்பவருக்குத் தரும் சட்டை அது, அதை அணிந்த முதல் ஆஸ்திரேலியர் அவர். ஒரே ஒரு நாள்தான். மறுநாள் ஃபொல்காரியா போகும் ஏற்றத்தில் உடம்பு சுத்தமாகக் காலியாகி, பதினைந்து நிமிடத்துக்கும் மேல் இழந்தார்.

அந்த ஒரு நாளை நான் என்னிடம் வரும் பிள்ளைகளுக்கு அடிக்கடி சொல்வேன், ஏனென்றால் மண் பாதையிலிருந்து என்ன வந்தது, என்ன வரவில்லை என்பது இரண்டும் அதில் இருக்கிறது. மவுண்டன் பைக் பந்தயம் இன்று ஏறக்குறைய எண்பது, தொண்ணூறு நிமிடம். சிட்னியில் இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல். தொடக்கத்தில் எல்லோரும் உயிரைக் கொடுத்து மிதிப்பார்கள், ஏனென்றால் பாதை குறுகிவிட்டால் முந்த முடியாது. முதல் சுற்று முடிந்ததும் ஆட்கள் பிரிந்து, அதற்கப்புறம் கிட்டத்தட்ட ஒவ்வொருவரும் தனியாகத்தான் ஓட்டுகிறார்கள். தன் மூச்சு, தன் கால், தன் வேகம். இப்படி ஓட்டி ஓட்டி இதயமும் நுரையீரலும் மிகப் பெரிய கொள்ளளவுக்குப் பழகும், அந்தக் கொள்ளளவு ரோடுக்கு அப்படியே வரும். இது உறுதியான விஷயம், உடலியல் தெரிந்த யாரும் மறுக்க மாட்டார்கள். ஆனால் ஐந்தாறு மணி நேரம், அதுவும் இருபத்தொரு நாள் தொடர்ந்து ஓட்ட, எப்போது சாப்பிட வேண்டும், எப்போது மிதிக்காமல் இருக்க வேண்டும் என்ற கணக்கு வேறு. அது உடம்பில் படிய வருடங்கள் ஆகும். 2002-ல் எவன்ஸிடம் எஞ்சின் இருந்தது, அந்தக் கணக்கு இன்னும் வரவில்லை.

அப்புறம் கூட்டம். ரோடு பந்தயத்தில் நூற்றைம்பது, நூற்றெண்பது பேர் ஒன்றாகப் போகும் அந்தக் கூட்டத்துக்குள் இருப்பது தனிக் கலை. முன்னால் போகிறவரின் பின்சக்கரத்தை ஒட்டிப் போனால் காற்றுத் தடை குறைந்து, சமதளத்தில் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு உழைப்பு மிச்சமாகும். அதற்கு அரை மீட்டர் இடைவெளியில், பக்கத்து ஆளின் முழங்கை உரசும்படி, மணிக்கு ஐம்பது கிலோமீட்டரில் நிதானமாக உட்கார்ந்திருக்கத் தெரிய வேண்டும். என்னிடம் ஒரு பையன் வந்தான், பாறையிலும் மரவேரிலும் பூனை மாதிரி இறங்குவான், பயமே கிடையாது. முதல் ரோடு பந்தயத்தில் கூட்டத்துக்குள் போகவே மாட்டேன் என்று ஓரத்தில் எதிர்காற்றைத் தானே தாங்கிக்கொண்டு போனான், பாதித் தூரத்தில் காலில் சக்தி போய்விட்டது. திறமைக் குறைவு என்று இதைச் சொல்ல மாட்டேன். மண் பாதையில் விழுந்தால் அவன் தன் தவறால் விழுவான், கூட்டத்தில் அடுத்தவன் தவறால் விழ வேண்டியிருக்கும். அந்த நம்பிக்கையைப் பழக அவனுக்கு ஒன்றரை வருடம் ஆனது. எவன்ஸும் 2003-ல் அணி மாறிய வருடத்தில் ஒரே சீசனில் மூன்று தடவை காறை எலும்பை உடைத்துக்கொண்டார். அதற்கு மவுண்டன் பைக் பழக்கம்தான் காரணம் என்று நான் சொல்ல மாட்டேன், ரோடிலேயே பிறந்து வளர்ந்தவர்களும் விழுகிறார்கள். ஆனால் மாறிய பிறகு முதல் சில வருடங்கள் இப்படித்தான் போகும் என்பதற்குத் தயாராக இருக்க வேண்டும்.

2005-ல்தான் முதல் டூர், எட்டாவது இடம். 2006-ல் ஐந்தாவதாக வந்து, முதலிடம் பெற்ற ஃபிளாய்ட் லாண்டிஸ் ஊக்கமருந்துக்காக நீக்கப்பட்ட பிறகு நான்காவது. 2007-ல் ஆல்பெர்ட்டோ கொன்டடோரிடம் 23 விநாடியில் தோற்று இரண்டாவது. 2008-ல் கார்லோஸ் சாஸ்ட்ரேயிடம் 58 விநாடியில் தோற்று மறுபடி இரண்டாவது. மூன்று வாரம், மூவாயிரத்து ஐந்நூறு கிலோமீட்டர், வித்தியாசம் ஒரு நிமிடம்கூட இல்லை. அந்தக் காலத்தில் அவரைப் பற்றி ஒரு குறை சொல்வார்கள்: அவராக முன்னால் போய்த் தாக்க மாட்டார், அடுத்தவர் பின்னாலேயே ஒட்டிக்கொண்டு வருவார் என்று. நான் அப்படிப் பார்க்கவில்லை. அப்போது ஏற்றங்களில் பெரும்பாலும் அவரைச் சுற்றி வலுவான அணித்துணை இல்லை, தனியாகத்தான் காத்துக்கொண்டார். தனியாக ஓட்டத் தெரிந்தவன் கையிலிருப்பதை அளந்துதான் செலவழிப்பான், அது பார்க்கிறவர்களுக்குக் கோழைத்தனமாகத் தெரிந்தது. இது என் கருத்து, வேறு மாதிரி சொல்கிறவர்களும் உண்டு.

2009-ல் ஸ்பெயின் சுற்றுப்பந்தயத்தில் சியெரா நெவாடா மலை ஏறும் நாளில் பஞ்சர். உதவி வண்டி வந்து சக்கரம் மாற்றி முடிப்பதற்குள் ஒரு நிமிடத்துக்கும் மேல் போனது. கடைசியில் மூன்றாவது இடம், வெற்றியாளருக்குப் பின்னால் ஒன்றரை நிமிடம். இதைப் படிக்கும்போது எனக்கு மனது கஷ்டமாக இருக்கும், ஏனென்றால் அவர் மவுண்டன் பைக் ஓட்டிய காலத்து விதிப்படி பந்தயத்தின் நடுவே பஞ்சர் ஆனால் வெளியாள் தொடக்கூடாது, தானே ட்யூப் மாற்றிக்கொண்டு போக வேண்டும். தன் கையால் எல்லாம் செய்து வளர்ந்த மனிதன் சாலையோரம் நின்று வண்டிக்காகக் காத்திருந்தான். அடுத்த வாரமே சுவிட்சர்லாந்தின் மெண்ட்ரிசியோவில் உலக சாம்பியன்ஷிப். அவர் குடியிருந்த வீட்டுக்குப் பக்கத்து ஊர், பயிற்சி செய்த சாலைகள். கடைசி ஏற்றத்தில் தனியாகப் பிரிந்து போய் வென்றார். யாருக்காகவும் காத்திருக்காத எவன்ஸ் அன்றைக்குத்தான் எல்லோர் கண்ணிலும் பட்டார்.

உங்கள் பையனுக்குக் காட்ட வேண்டிய வீடியோ ஒன்று சொல்கிறேன்: 2010 ஜிரோவின் ஏழாவது நாள், டஸ்கனியில் மொண்டால்சினோ போகும் கட்டம். வெள்ளைச் சரளைச் சாலைகள், மழை, முகம் தெரியாத அளவுக்குச் சேறு. உலக சாம்பியனின் வானவில் ஜெர்சி பழுப்பு நிறமாகிவிட்டது. மற்றவர்கள் கை இறுகிப்போய் ஓட்டுகிறார்கள், எவன்ஸ் பழைய வீட்டுக்குத் திரும்பி வந்தவர் மாதிரி ஓட்டுகிறார். அன்று அவருக்குத்தான் வெற்றி. மண் பாதைப் பழக்கம் ரோடில் பலன் தந்தது என்று கொஞ்சமும் தயங்காமல் நான் சொல்லும் நாள் அதுதான். அதே வருடம் டூரில் முன்னணியில் இருப்பவருக்கான மஞ்சள் ஜெர்சி கிடைத்த நாளிலேயே விழுந்து முழங்கையில் எலும்பு முறிவு, வெளியே சொல்லாமல் ஓட்டினார், அடுத்த கட்டத்தில் மடலேன் ஏற்றத்தில் எட்டு நிமிடம் போய்விட்டது. முடிவுக்கோட்டைத் தாண்டி அணித்தோழர் தோளில் சாய்ந்து அழுதார். முப்பத்து மூன்று வயது. இனி முடியாது என்றுதான் பலரும் எழுதினார்கள்.

சரி, 2011, அவர் டூர் வென்ற வருடம். பலர் காலிபியே மலையையும் கிரெனோபிள் டைம் ட்ரையலையும் (ஒவ்வொருவரும் தனித்தனியாக நேரத்தை எதிர்த்து ஓட்டும் கட்டம்) மட்டும் சொல்வார்கள். நான் அதற்கு இரண்டு நாள் முந்திய கட்டத்திலிருந்து தொடங்குவேன். காப் என்ற ஊருக்குள் இறங்கும் கட்டம், நனைந்த சாலை, கோல் டி மான்ஸ் இறக்கம். கொன்டடோர் ஏற்றத்தில் தாக்க, எவன்ஸும் சாமுவேல் சாஞ்சேஸும் ஒட்டிக்கொண்டார்கள். இறக்கத்தில் எவன்ஸ் விட்ட வேகத்தில் முக்கியப் போட்டியாளர் ஆண்டி ஷ்லெக் அவரிடம் 1 நிமிடம் 9 விநாடி இழந்தார். ஏற்றத்தில் இழந்ததைவிட, இறங்கும்போது பயத்தில் இழந்ததுதான் அதிகம். இவ்வளவு ஆபத்தான இறக்கத்தில் பந்தயம் தீர்மானமாகக்கூடாது என்று ஆண்டி அன்று வெளிப்படையாகவே வருத்தப்பட்டார். பாரிஸில் கடைசியில் இருவருக்கும் இடையே இருந்த வித்தியாசம் 1 நிமிடம் 34 விநாடி. கணக்கை நீங்களே போட்டுப் பாருங்கள்.

காலிபியே நாளில் ஆண்டி முடிவுக்கோட்டுக்கு அறுபது கிலோமீட்டர் முன்பே இஸுவார் மலையில் தாக்கிப் பிரிந்துவிட்டார். நான்கு நிமிடத்துக்கு மேல் இடைவெளி. பின்னால் இருந்த குழுவில் யாரும் இழுக்கத் தயாராக இல்லை. ஃபிராங்க் ஷ்லெக் அண்ணன், தம்பியைத் துரத்த மாட்டார். கொன்டடோருக்கு அன்று காலில் சக்தி இல்லை. மஞ்சள் ஜெர்சியில் இருந்த வோக்லேர் பிடித்துக்கொண்டு வருவதே பெரிய விஷயம். எவன்ஸ் கையை ஆட்டி உதவி கேட்டுப் பார்த்தார், பிறகு கேட்பதை விட்டுவிட்டார். எதிர்காற்றில், 2,645 மீட்டர் உயர முடிவுக்கோடு வரை, மொத்தக் குழுவையும் முதுகில் கட்டி இழுத்த மாதிரி ஒரே ஆளாக இழுத்துக்கொண்டு போனார். இடைவெளி 2 நிமிடம் 15 விநாடிக்கு வந்தது. இரண்டு நாள் கழித்து கிரெனோபிளில் 42.5 கிலோமீட்டர் டைம் ட்ரையல், ஆண்டிக்கு 57 விநாடி பின்னால் தொடங்கி, இரண்டரை நிமிடம் வேகமாக முடித்தார். 34 வயது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு டூர் வென்றவர்களில் மிக மூத்தவர், முதல் ஆஸ்திரேலியர்.

இந்தப் பந்தயத்தைப் பற்றி நான் நம்புவது இதுதான். யாரும் கூட வராவிட்டாலும் தன் வேகத்தில் எல்லை வரை மிதிக்கும் அந்தப் பழக்கம் மவுண்டன் பைக்கில் வந்தது. கூட்டத்தையும் அணியையும் நம்பி வாழ வேண்டிய ரோடில் அதே பழக்கம் அவரைப் பல வருடம் தனியாளாக நிறுத்தியது, அப்புறம் தனியாளாக ஓட்ட வேண்டிய ஒரு நாள் வந்தபோது அவரைத் தவிர வேறு யாராலும் அதைச் செய்ய முடியவில்லை. நிரூபிக்க முடியாத கணிப்புதான். அந்த வருடம் பிஎம்சி அணி அவருக்காகவே ஓட்டியது, முதல் வாரம் முழுக்க ஹின்கேபி போன்ற அனுபவசாலிகள் அவரை விழாமல் முன்னால் காப்பாற்றி வைத்தார்கள். அதைக் கணக்கில் எடுக்காமல் எல்லாப் பெருமையையும் மண் பாதைக்கே கொடுத்துவிட்டால் அது நியாயமில்லை.

இப்போது மார்டினெஸ். சிட்னியில் எவன்ஸை விட ஆறு இடம் முன்னால் வந்த ஒலிம்பிக் சாம்பியன். அவரும் ரோடுக்கு வந்தார், அதே மாபெய் அணிக்கு, 2002-ல் டூரும் ஓட்டினார். பெரிய பெயர் எடுக்க முடியவில்லை, மவுண்டன் பைக்குக்கே திரும்பிவிட்டார். மண் பாதையில் யார் வேகமோ அவர்தான் ரோடிலும் வேகம் என்று எடுத்துக்கொள்ள முடியாது என்பதற்கு இதைவிடத் தெளிவான ஜோடி எனக்குத் தெரியாது. நாம் எவன்ஸை மட்டும் பார்த்துவிட்டுப் பாதை சுலபம் என்று நினைக்கிறோம், திரும்பிப் போனவர்களை யாரும் எண்ணுவதில்லை.

இன்னொரு விஷயத்தையும் மறைக்காமல் சொல்ல வேண்டும், ஏனென்றால் பையன் தேடும்போது இந்தப் பெயர்கள் வரும். எவன்ஸ் காலத்தில் மண்ணிலிருந்து ரோடுக்கு வந்து பேரெடுத்தவர்களில் பலர் ஊக்கமருந்தோடு சம்பந்தப்பட்டவர்கள். லாண்டிஸ் இளவயதில் மவுண்டன் பைக் வீரர். 1999-ன் மவுண்டன் பைக் உலக சாம்பியன் மிகேல் ராஸ்முஸன், 2007 டூரில் மஞ்சள் ஜெர்சியில் இருக்கும்போதே, தான் எங்கே பயிற்சி செய்தார் என்பதில் பொய் சொன்னதாக அணியால் வெளியேற்றப்பட்டார், பிறகு 2013-ல் ஊக்கமருந்து பயன்படுத்தியதை ஒப்புக்கொண்டார். 2012-ல் ஜிரோவை 16 விநாடியில் வென்ற கனடாவின் ரைடர் ஹெஸ்யெடலும் தொடக்க காலத்தில் ஊக்கமருந்து பயன்படுத்தியதாக 2013-ல் ஒப்புக்கொண்டார். எவன்ஸ் ஒருபோதும் தண்டிக்கப்பட்டதில்லை. யார் எந்த அளவுக்கு எதனால் வென்றார்கள் என்று அந்தக் காலத்து முடிவுகளை வைத்து நுணுக்கமாக அளக்க முடியாது, அதனால்தான் நான் இங்கே மிதிக்கும் சக்தியை அளக்கும் வாட் கணக்குகளுக்குள் போகவில்லை.

இன்றைய நிலை எவன்ஸ் காலத்தை விட நல்லது. அப்போது ஒன்றை விட்டால்தான் இன்னொன்று. இப்போது டாம் பிட்காக் டூரில் ஆல்ப் டியூஸ் கட்டத்தையும் வென்று, டோக்கியோ, பாரிஸ் இரண்டு ஒலிம்பிக்கிலும் மவுண்டன் பைக் தங்கமும் வாங்குகிறார். பீட்டர் சாகன் 2008-ல் ஜூனியர் மவுண்டன் பைக் உலக சாம்பியன், பிறகு ரோடில் தொடர்ந்து மூன்று முறை உலக சாம்பியன். பொலீன் ஃபெராண்ட்-ப்ரெவோ 2015-ல் ரோடு, சைக்ளோகிராஸ் (சேறும் புல்லும் கலந்த குறுகிய சுற்றில் ஓட்டும் பந்தயம்), மவுண்டன் பைக் மூன்று உலகப் பட்டங்களையும் ஒரே நேரத்தில் வைத்திருந்தார். பிறகு ரத்தக் குழாய்ப் பிரச்சினையால் காலில் சக்தி போய், 2019-ல் அறுவை சிகிச்சை செய்து, பாரிஸில் மவுண்டன் பைக் தங்கம் வாங்கி, அடுத்த வருடமே ரோடுக்குத் திரும்பி 2025-ல் பாரிஸ்-ரூபே என்ற ஒரு நாள் பந்தயம், பெண்கள் டூர் டி பிரான்ஸ் இரண்டையும் வென்றார். பையனுக்கு எவன்ஸோடு இவரையும் காட்டுங்கள். ஒன்று மட்டும்: அந்த டூருக்காக எடை குறைத்ததை அவரே வெளிப்படையாகச் சொன்னார். முப்பத்து மூன்று வயதில், ஒரு குறிப்பிட்ட பந்தயத்துக்காகச் செய்தது அது. வளரும் பதினைந்து வயது உடம்பு அதைச் செய்யக்கூடாது. இதில் எனக்குச் சந்தேகமே இல்லை, சாப்பாட்டைக் குறைத்துக் கெட்டுப்போன பிள்ளைகளை நேரில் பார்த்திருக்கிறேன்.

அதனால் உங்கள் கேள்விக்கு என் பதில்: மவுண்டன் பைக்கை நிறுத்த வேண்டாம். அது தரும் கைப்பழக்கமும் இறக்கத்தில் தைரியமும் இந்த வயதில் வந்தால்தான் நன்றாக வரும், இருபத்தைந்தில் கற்றுக்கொடுப்பது ரொம்பக் கஷ்டம். அதோடு வாரத்தில் ஒரு நாள், பழைய ரோடு பைக் இருந்தாலே போதும், பக்கத்துக் கிளப்பின் கூட்டப் பயிற்சிக்கு அனுப்புங்கள். முதல் ஆறு மாதம் ஜெயிப்பதற்காக இல்லை, கூட்டத்துக்குள் உட்காரப் பழகுவதற்கு மட்டும். விலையுயர்ந்த கார்பன் சைக்கிளும் பவர் மீட்டரும் இப்போது தேவையில்லை. பதினெட்டு வயது வரை இரண்டும் ஓடட்டும், அதற்குள் எது அவனை விடிகாலை ஐந்து மணிக்கு யாரும் எழுப்பாமல் எழ வைக்கிறது என்று உங்களுக்கே தெரிந்துவிடும். அவன் உயரம், வாரத்தில் எத்தனை மணி நேரம் ஓட்டுகிறான், ஏற்கெனவே வேறு காயம் ஏதாவது உண்டா என்று எழுதினால் இன்னும் திட்டமாகச் சொல்கிறேன். அவனுக்கு முழங்கால் வலி இருக்கிறது என்று கடைசி வரியில் எழுதியிருந்தீர்கள், அதை மட்டும் என்னைப் போன்ற ஆளிடம் எழுத்தில் கேட்டு முடிவு செய்யாதீர்கள், விளையாட்டுக் காயம் பார்க்கும் பிசியோவிடம் இந்த வாரமே காட்டிவிடுங்கள், போகும்போது சைக்கிளையும் எடுத்துப் போங்கள், சீட் உயரத்தையும் பார்க்க வேண்டியிருக்கும்.